மார்கழிப் பனியும் அப்பா நட்ட தென்னங்கன்றும்
கிருஷ்ணகிரி மாவட்டம் தளி பக்கம் மார்கழி விடியலில் பனியில் பக்கத்து வயலே தெரியாது. 3,000 அடிக்கு மேல் இருக்கிற ஊர், தென்னைக்குப் பிடித்த இடமில்லைதான். ஆனாலும் அப்பா நட்ட இரண்டு கன்றுகளை விட மனசு வரவில்லை.

போன வருஷம் ஒன்றின் குருத்தை லேசாக இழுத்ததுமே கையோடு வந்துவிட்டது. அடியில் அழுகி, ஒரே நாற்றம். மாமரமென்றால் வேறு கிளை துளிர்க்கும். தென்னைக்கு அந்த ஒரு குருத்துதான், அது போனால் மரமே போச்சு.

மீதி ஒன்றுக்கு இந்த முறை நாலு கழி நட்டு, பனி இறங்காமல் கீற்று வேய்ந்தேன். அடியில் ராகித்தாள், தண்டை ஒட்டாமல். தண்ணீர் வெயில் ஏறிய பிறகுதான், குருத்தில் படாமல். அழுகல் தெரிந்தால் வெட்டியெடுத்துவிட்டு போர்டோ பசை என்ற பூஞ்சை மருந்தைத் தடவணும். 100 கிராம் மயில்துத்தம் (காப்பர் சல்பேட்), 100 கிராம் சுண்ணாம்பு, தனித்தனியே அரை லிட்டர் தண்ணீரில் கரைத்து அப்புறம் சேர்ப்பது. வாங்கி வைத்துவிட்டேன்.

இன்று காலை புதுக்குருத்து ஒரு விரல் உயரம் ஏறியிருக்கிறது.