இன்னொரு விடுதியின் கதை

விடுதி வாழ்க்கையைப் பற்றி ஏதாவது எழுதித் தாருங்கள் என்று எங்கள் பழைய மாணவர் சங்க மலர்க்குழு கேட்டது. எங்கள் விடுதியின் பருப்பைப் பற்றியும் மேற்பார்வையாளரின் பிரம்பைப் பற்றியும் என் வகுப்புத் தோழர்கள் போன மலர்களிலேயே எழுதித் தீர்த்துவிட்டார்கள். அதனால் நான் வேறு விடுதிகளைப் பற்றி எழுதுகிறேன்.

அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தின் வடகிழக்கில், சின்லி என்ற சிற்றூரில் சில வருடங்கள் கணிதம் படிப்பித்தேன். அது நவஹோ என்ற அமெரிக்கப் பழங்குடி மக்களின் நாடு. மூன்று மாநிலங்களில் பரந்து கிடக்கும் அந்த நிலம் பரப்பளவில் இலங்கையை விடப் பெரியது. தனி அரசு, தனி நீதிமன்றம், தனிப் பொலிஸ். கடிகாரமும் தனிதான். கோடையில் அரிசோனா மாநிலம் நேரத்தை மாற்றாது. நவஹோ நாடு மாற்றும். அதற்கு நடுவே இருக்கும் ஹோப்பி மக்களின் நிலம் மாற்றாது. புதிதாக வரும் ஆசிரியர்களுக்குத் தலை சுற்றிவிடும்.

முதல் நாள் வகுப்பில் பிள்ளைகள் எழுந்து பெயரோடு நான்கு குலங்களைச் சொன்னார்கள்: தாயின் குலம், தகப்பனின் குலம், தாயின் தகப்பனுடையது, தகப்பனின் தகப்பனுடையது. பிள்ளைக்குத் தாயின் குலமே சொந்தக் குலம். ஒரே குலத்தவர் என்றால் முன்பின் பார்த்திராதவர்களும் சகோதரங்கள்தான். கலியாணப் பேச்சுக்கே இடமில்லை. ஒரு பெடியனும் பெட்டையும் கொஞ்சம் கூடுதலாகச் சிரித்துக் கதைத்தால், கூட்டாளிகள் முதலில் விசாரிப்பது குலத்தைத்தான். என்னையும் விட்டுவைக்கவில்லை. அம்மாவின் ஊர், அப்பாவின் ஊர், இரண்டு தாத்தாமாரின் ஊர் என்று நாலையும் சொன்னேன். சரி, பரவாயில்லை என்று ஏற்றுக்கொண்டார்கள்.

பக்கத்து அறையில் நவஹோ மொழி படிப்பித்தவர் என்னிலும் மூத்த ஓர் அம்மா. ஒருநாள் எங்கள் பழைய மாணவர் சங்கத்தைப் பற்றி, சந்தா, மலர், வருடாந்த இராப்போசனம் என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். "என் அப்பாவும் விடுதியில்தான் படித்தார். அந்தப் பள்ளிக்கூடத்துக்கு ஏன் அவர் சந்தா கட்டப் போகிறார்?" என்று சிரித்தபடியே கேட்டார். அந்தக் கதையை அவர் ஒரேயடியாகச் சொல்லவில்லை. இடைவேளைகளில் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார்.

1863, 1864இல் கிட் கார்சன் தலைமையில் வந்த அமெரிக்க இராணுவம் நவஹோக்களின் சோளத்தை எரித்தது, ஆடுகளைக் கொன்றது. சின்லிக்குப் பக்கத்திலேயே இருக்கிறது கன்யன் டி ஷே பள்ளத்தாக்கு. செங்குத்தான செம்பாறைச் சுவர்களுக்குள் அவர்கள் வளர்த்த ஆயிரக்கணக்கான பீச் மரங்களையும் வெட்டிச் சாய்த்தார்கள். பசியால் சரணடைந்தவர்களை 300 மைலுக்கும் மேல் நடத்தி, நியூ மெக்சிகோவின் சம்னர் கோட்டையில் அடைத்தார்கள். 8000க்கும் மேற்பட்டவர்கள். பெக்கோஸ் ஆற்றுத் தண்ணீர் உவர், நட்ட சோளத்தைப் புழு தின்றது, விறகுக்கு மைல் கணக்கில் நடக்க வேண்டும். ஏராளமானோர் அங்கேயே செத்தார்கள். 1868இல் ஒப்பந்தம் பேச வந்த அமெரிக்க ஜெனரல் ஷெர்மன் அவர்களை ஒக்லஹோமாப் பக்கம் அனுப்பும் எண்ணத்தோடு வந்தார். பார்போன்சிட்டோ என்ற தலைவர், சொந்த மண்ணைத் தவிர வேறெங்கும் போகமாட்டோம் என்று வாதாடி வென்றார். இடம்பெயர்க்கப்பட்ட எத்தனையோ பழங்குடிகளுக்குக் கிடைக்காத வெற்றி அது.

அதே ஒப்பந்தத்தில்தான் பள்ளிக்கூடமும் வந்தது. 6 வயது முதல் 16 வரையான பிள்ளைகளை அனுப்ப வேண்டும், 30 பிள்ளைகளுக்கு ஓர் ஆசிரியரை அரசு தரும் என்று ஒரு பிரிவு. நடைமுறையில் அது விடுதிப் பள்ளிகளாக முடிந்தது. தலைமயிரை ஒட்ட வெட்டி, சீருடை போட்டு, அணிவகுத்து நடக்க வைத்தார்கள். தாய்மொழியில் ஒரு சொல் வந்தால் வாயில் சவர்க்காரம். படிப்பு வேண்டும் என்று முதலில் நம்பியவர்களில் ஒருவர் மானுவலிட்டோ என்ற பெருந்தலைவர். தன் இரண்டு மகன்மாரை 1882இல் பென்சில்வேனியாவின் கார்லைல் விடுதிப் பள்ளிக்கு அனுப்பினார். இருவரும் நோயுற்று இளவயதிலேயே இறந்தார்கள்.

அப்புறம் வந்தது யுத்தம். 1942இல் அமெரிக்க மரைன் படை, ஜப்பானியரால் உடைக்க முடியாத இரகசியக் குறியீடு தேடி, இதே விடுதிப் பள்ளிகளில் படித்த பெடியன்களிடம் வந்து நின்றது. முதலில் சேர்ந்த 29 பேரும் தங்கள் மொழியிலேயே குறியீட்டை அமைத்தார்கள். டாங்கிக்கு ஆமை, போர் விமானத்துக்கு தேன்சிட்டு போன்ற ஒரு சிறு குருவி. சவர்க்காரம் போட்டுக் கழுவிய அதே வாயால் பேசுங்கள் என்று கேட்க அரசாங்கத்துக்குக் கொஞ்சமும் கூச்சம் இருக்கவில்லை. 1968 வரை அவர்கள் அதைப் பற்றி வீட்டில்கூட வாய்திறக்கக் கூடாது. அந்த 29 பேருக்குத் தங்கப் பதக்கம் 2001இல்தான் கிடைத்தது; அதற்குள் பெரும்பாலானோர் போய்விட்டார்கள்.

பாடசாலை எவ்வளவு முயன்றும் அழிக்க முடியாதவற்றில் ஒன்று கினால்டா, பெண்பிள்ளை பெரியவளாகும்போது செய்யும் நான்கு நாள் சடங்கு. என் மாணவி ஒருத்தி அதற்காக லீவு எடுத்தாள். நாங்கள் சாமத்தியச் சடங்குக்கு மண்டபம் எடுத்து, வீடியோக்காரரைப் பிடித்து, பிள்ளையைக் கதிரையில் இருத்துகிறோம். அங்கே பிள்ளை ஓடுகிறாள். கிழக்கு நோக்கி, ஒவ்வொரு தடவையும் இன்னும் கொஞ்சம் தூரம். சோளத்தை அரைக்கிறாள். மாவைக் கரைத்து, சோள மடல் விரித்த குழிக்குள் ஊற்றி மூடி, மேலே நெருப்பு வளர்த்து, இரவு முழுக்கப் பாட்டுப் படிக்கிறார்கள். விடியும்போது பெரிய வட்டக் கேக். எனக்கும் ஒரு துண்டு வந்தது; இலேசான இனிப்பு, அடியில் கொஞ்சம் புகை மணம். அவள் மட்டும் அதைச் சாப்பிடக் கூடாது, மற்றவர்களுக்குக் கொடுக்க வேண்டும். எங்கள் முறையை விட எனக்கு இது பிடித்திருந்தது என்று எழுதினால் ஊரில் சிலர் கோபிப்பார்கள்.

1966இல் சின்லியிலிருந்து அதிக தூரமில்லாத ரஃப் றொக்கில் நவஹோக்கள் தாங்களே நிர்வகிக்கும் பள்ளிக்கூடத்தைத் தொடங்கினார்கள். 1968இல் சொந்தமாக ஒரு கல்லூரி, அமெரிக்காவில் பழங்குடி மக்கள் நடத்தும் முதல் கல்லூரி. இப்போது டினே கல்லூரி என்று பெயர். கெட்டிக்காரப் பிள்ளைகளுக்கு நவஹோ அரசு தரும் புலமைப்பரிசில் மானுவலிட்டோவின் பெயரில் இருக்கிறது. அதற்கு என் வகுப்புப் பிள்ளைகளும் விண்ணப்பித்தார்கள். கணிதப் புள்ளி எவ்வளவு உச்சத்தில் இருந்தாலும் போதாது, நவஹோ மொழியும் படித்துச் சித்தியடைந்திருக்க வேண்டும். அதனால் விண்ணப்ப காலத்தில் என் அறை காலியாக இருக்கும், பக்கத்து அறையில் இருக்க இடமிருக்காது.