ஒப்பீட்டுக்கு வைத்த மாதிரி

கொழும்பில் ஓர் உணவுப் பரிசோதனை ஆய்வுகூடத்தில் வேலை செய்கிறேன். பொரித்த தின்பண்டங்களில் அக்ரிலமைட் என்ற தீங்கான இரசாயனம் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்பது எங்கள் பிரிவின் வேலைகளில் ஒன்று. பல்கலைக்கழகம் முடித்துவிட்டு நேரே வருகிற பிள்ளைகளுக்கு, கருவியைத் தொட விடுவதற்கு முன்பே ஹலண்ட்ஸோஸ் கதையைச் சொல்லிவிடுவேன்.

தெற்கு சுவீடனில் ஹலண்ட்ஸோஸ் என்ற மலைமுகட்டின் ஊடாக ரயில் சுரங்கம் தோண்டினார்கள். உள்ளே தண்ணீர் ஓயாமல் கசிந்தது. 1997இல் பாறை வெடிப்புகளை அடைக்க அக்ரிலமைட் சேர்ந்த ஒரு கலவையைச் செலுத்தினார்கள். அது முழுதாக இறுகாமல் ஓடையில் கலந்துவிட்டது. மீன்கள் செத்தன, அந்தத் தண்ணீரைக் குடித்த மாடுகள் எழும்ப முடியாமல் விழுந்தன. தொழிலாளர் சிலருக்குக் கைகால் விறைத்தது. அக்ரிலமைட் இரத்தத்தில் ஹீமோகுளோபினோடு ஒட்டிக்கொள்ளும். செங்குருதிக்கலம் ஏறக்குறைய 4 மாதம் வாழ்வதால் தடயமும் அவ்வளவு காலம் நிற்கும். ஸ்டொக்ஹோம் பல்கலைக்கழகத்தார் தொழிலாளரின் இரத்தத்தை அளந்தார்கள். ஒப்பிட்டுப் பார்க்க, சுரங்கத்தின் பக்கமே போகாத, புகைபிடிக்காத ஆட்களின் இரத்தத்தையும் எடுத்தார்கள். அதிலும் அந்தத் தடயம் இருந்தது.

அதைப் பின்னணி அளவென்று கழித்துவிட்டு அறிக்கையை முடித்திருக்கலாம். மார்கரெட்டா தோர்ன்க்விஸ்டின் குழு விடவில்லை. பொரித்த தீவனம் கொடுத்த எலிகளில் தடயம் கூடியதைக் கண்டார்கள். 2002 ஏப்ரலில், உருளைக்கிழங்குச் சிப்ஸ் போன்ற, அதிக சூட்டில் சமைத்த மாப்பொருள் உணவுகளில் அக்ரிலமைட் இருப்பதாக அறிவித்தார்கள். அதே ஆண்டு காரணமும் தெரிந்தது. அஸ்பரஜீன் என்ற அமினோ அமிலமும் குளுக்கோஸ் போன்ற சர்க்கரையும் 120 பாகைக்கு மேற்பட்ட சூட்டில் சேர்ந்து இதை உண்டாக்குகின்றன. நாம் ஆசைப்படுகிற பொன்னிறமும் மணமும் பிறக்கிற அதே தாக்கம்தான்.

எங்கள் ஆய்வுகூடத்தில் மரவள்ளிச் சிப்ஸைப் பரிசோதிக்கும்போது அவித்த மரவள்ளியையும் ஒப்பீட்டு மாதிரியாக, அதாவது பிளாங்க்காக, கருவியில் கூடவே ஓட விடுவோம். தண்ணீரில் அவிவது 100 பாகையைத் தாண்டாது, ஆகவே அதில் அக்ரிலமைட்டைக் காட்டும் பீக், அதாவது வரைபில் எழும் மேடு, ஒன்றும் தெரியக் கூடாது. புதிதாக வந்த தங்கச்சி ஒருத்தி ஒருநாள் வந்து, “அக்கா, பிளாங்க்கில சின்னதா ஒரு பீக் வருது. எடுத்துப்போட்டு வேற ஒண்டு ஓட விடட்டா?” என்று கேட்டாள்.

“விடலாம். முதல்ல இது எங்கயிருந்து வந்தது எண்டு பாப்பம்” என்றேன்.

கரைப்பானைத் தனியே ஓட விட்டோம், சுத்தம். வடிகட்டியும் சுத்தம். பிறகு அரைக்கும் கிண்ணத்தைக் கழற்றினாள். கத்தியின் அடியில், ரப்பர் வளையத்துக்குள், முதல் அரைத்த சிப்ஸின் எண்ணெய்த்தூள் மஞ்சளாகப் படிந்திருந்தது. நல்ல கூர்மையான பிள்ளை. வளையத்தைக் கழற்றிக் கழுவ வேண்டும் என்று செய்முறைத் தாளில் தானே எழுதிச் சேர்த்தாள். பிளாங்க்கை எறிந்திருந்தால், அந்தத் தூள் அடுத்தடுத்த மாதிரிகளில் எல்லாம் ஏறியிருக்கும். மாதிரியின் எண்ணை மட்டும் கேட்கிறவர்களோடு எனக்கு இன்றும் சண்டைதான்.

சிப்ஸ் செய்து கடைகளுக்குப் போடுகிறவர்கள் அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு பயந்துபோய் நிற்பார்கள். அவர்களிடம் உள்ளதை உள்ளபடி சொல்ல வேண்டும். 1994இலேயே சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகவரகம் அக்ரிலமைட்டை, மனிதருக்கு அநேகமாகப் புற்றுநோய் தரக்கூடியவை என்ற 2ஏ பிரிவில் சேர்த்துவிட்டது. ஆனால் அந்த முடிவுக்குப் பலமான ஆதாரம் விலங்குச் சோதனைகளில்தான். உணவு வழியாக மனிதருக்கு என்ன செய்கிறது என்பதில் ஆய்வுகள் ஒரே பதிலைத் தரவில்லை. ஐரோப்பிய ஒன்றியம் 2017இல் உருளைக்கிழங்குச் சிப்ஸுக்குக் கிலோவுக்கு 750 மைக்ரோகிராம் என்று ஓர் அளவுகோல் வைத்தது. அதற்கு மேலே போனால் செய்முறையைத் திருத்து என்பதே அதன் பொருள்.

திருத்துவது பெரிய வித்தையும் இல்லை. உருளைக்கிழங்கைக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கக் கூடாது, குளிரில் சர்க்கரை கூடும். சீவல்களைத் தண்ணீரில் ஊற வைத்துக் கழுவினால் சர்க்கரை கொஞ்சம் வெளியேறும். எண்ணெயின் சூட்டைக் குறைத்து, பழுப்பேறும் முன்பே அரித்து எடுக்க வேண்டும்.

“நிறம் குறைஞ்சா சனம் வாங்காது, மிஸ்” என்றார் ஓர் ஐயா. நியாயமான கவலை. ஒரே கிழங்கை மூன்று சூட்டில் பொரித்துக் கொண்டுவரச் சொன்னேன். மூன்றையும் அளந்து, எண்களையும் நிறங்களையும் ஒரே தாளில் ஒட்டிக் கொடுத்தோம். அதை அவர் தாச்சிக்கு மேலே சுவரில் ஒட்டி வைத்திருக்கிறார்.