ஓட்டுப் பெட்டிக்கு முன் பட்டியலைப் பாருங்கள்

கூட்டுறவு சொசைட்டி தேர்தல் என்றதும் எல்லார் கண்ணும் ஓட்டுப் பெட்டி மேல்தான். ஆனால் நடக்க வேண்டிய தில்லுமுல்லு பெரும்பாலும் அதற்கு முன்பே, வாக்காளர் பட்டியலிலும் வேட்புமனு நாளிலும் நடந்து முடிந்துவிடும். 2018-ல் தேர்வான நிர்வாகக் குழுக்களின் ஐந்தாண்டு 2023-ல் முடிந்தது. அடுத்தது எப்போது வந்தாலும், அறிவிப்பு வரட்டும் என்று காத்திருந்து பட்டியலைப் புரட்டினால் நேரம் போதாது.

குமரி மாவட்டத்தில் முதல் தலைவலி பெயர். ஒரே ஊரில் நான்கு செல்வராஜ் இருப்பார்கள். இருவருக்கு அப்பா பெயரும் ஒன்றாகவே இருக்கும். நாம் வீட்டுப் பெயரையோ விளைப் (தோட்டத்துப்) பெயரையோ சொல்லிப் பிரித்துக்கொள்வோம். பட்டியலில் வெறும் 'ம. செல்வராஜ்' என்று இருந்தால், எந்தச் செல்வராஜ் வந்து நின்றாலும் வேட்பாளரின் ஏஜென்ட் மறுப்புச் சொல்ல வழியில்லை. உறுப்பினர் எண், அப்பா அல்லது கணவர் பெயர், வீட்டுப் பெயர், சேர்ந்த தேதி இத்தனையும் அச்சில் வரவேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள்.

இறந்தவர்கள் அடுத்து. பங்குத் தொகையை வாரிசு கேட்டு வாங்காதவரை அவர் பதிவேட்டில் உயிரோடுதான் இருப்பார். தொகை சில நூறு ரூபாய்தானே என்று வீட்டார் விட்டுவிடுவார்கள். அந்தப் பெயரில்தான் வேறொருவர் வருவார். இறப்புச் சான்று நகலோடு வாரிசே போய்க் கணக்கை முடிப்பது நல்லது.

சேர்ந்த தேதிகளையும் பாருங்கள். ஒரே நாளில், தொடர் எண் ரசீதுகளில், ஒரே கையெழுத்தில் ஐம்பது பேர் சேர்ந்திருந்தால் சேர்க்கைத் தீர்மானத்தையும் அன்றைய ரொக்கப் புத்தகத்தையும் சேர்த்து வைத்துப் பார்க்கவேண்டும். பணம் வரவாகாத உறுப்பினரை அது காட்டிக்கொடுக்கும். நகைக்கடனுக்காக மட்டும் சேர்ந்த இணை உறுப்பினருக்கு ஓட்டு இல்லை; அவர் பெயர் பட்டியலில் இருந்தாலும் பிழைதான்.

மனு நாளில் முன்மொழிபவர், வழிமொழிபவர் உறுப்பினர் எண்ணைப் பட்டியலில் உள்ளபடியே எழுதுங்கள். ஒரு இலக்கம் மாறினாலும் தள்ளுபடிக்குக் காரணம் கிடைத்துவிடும். கடன் பாக்கி இருந்தால் முன்னதாகவே கட்டி ரசீதை மனுவோடு வையுங்கள். மனுவைக் கொடுத்ததும் நேரம் குறித்த ஒப்புகை வாங்காமல் நகராதீர்கள். 2018-ல் மனுவே வாங்கவில்லை என்ற புகார்கள் உயர்நீதிமன்றம் வரை போயின.

மீனவர் சங்கங்களுக்குத் தேதிதான் எல்லாம். தூத்தூர் பக்கத்து விசைப்படகுகள் ஆழ்கடலுக்குப் போனால் திரும்ப வாரக்கணக்காகும். ஒருவர் ஓட்டை வேறொருவர் போட முடியாது. கிழக்குக் கரை மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மேற்குக் கரைக்கு ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. ஆக ஜூன் முதல் இரண்டு வாரம் கிழக்குக் கரையின் சின்னமுட்டம் படகும் மேற்குக் கரையின் குளச்சல் படகும் கரையில் இருக்கும். மழைக்குக் குடை பிடித்துக்கொண்டு வரிசையில் நிற்கவேண்டியிருக்கும், அவ்வளவுதான்.

வாக்குப்பதிவு அன்று காலிப் பெட்டியைக் கவிழ்த்துக் காட்டச் சொல்லி, முத்திரை எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். சீட்டுக் கணக்கு ஒரு வரி: அச்சடித்தவை = கொடுத்தவை + கெட்டவை + மிச்சம். கொடுத்த எண்ணிக்கை அடிக்கட்டையோடும் கையெழுத்துப் பட்டியலோடும் பொருந்தவேண்டும். பெட்டியில் அதைவிட ஒரு சீட்டு கூடினாலும் எண்ணிக்கையை அங்கேயே நிறுத்தச் சொல்லுங்கள்.

எண்ணும்போதுதான் சாதாரணமாகப் பலர் ஏமாறுவது. ஒரே சீட்டில் பலருக்கு முத்திரை இருப்பதால் வேட்பாளர்வாரியாகக் கட்டு கட்ட முடியாது. ஒருவர் வாசிக்க, இருவர் தனித்தனித் தாளில் கோடு போடவேண்டும். 25 சீட்டுக்கு ஒருமுறை நிறுத்தி இரு தாளையும் ஒப்பிட்டால் தவறு எங்கே என்று உடனே தெரியும். 7 இடத்துக்குத் தேர்தல், செல்லும் சீட்டு 412 என்றால் எல்லா வேட்பாளர் ஓட்டும் சேர்ந்து 2,884-ஐத் தாண்டக்கூடாது. குறையலாம், சிலர் ஐந்து பேருக்கு மட்டும் குத்துவார்கள். தாண்டினால் யாரோ கூடுதல் கோடு போட்டிருக்கிறார்.

முடிவு அறிவித்த பிறகு தகராறு என்றால் 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90-ஆவது பிரிவு. அங்கே வாய்ப்பேச்சு எடுபடாது. மனு ஒப்புகை, பட்டியல் நகல், ஏஜென்ட் கையெழுத்திட்ட சீட்டுக் கணக்கு இந்த மூன்றையும் அன்றன்றைக்கே வாங்கிவைத்துக்கொள்ளுங்கள்.