மஞ்சள் கேசட் வாங்கும் முன்

கோவை உக்கடம் பழைய சாமான் கடைகளில் சிக்கும் டிவி கேம் பெட்டிகள் பெரும்பாலும் 1983-ல் ஜப்பானில் வந்த நிண்டெண்டோ ஃபேமிகாமின் நகல்கள்தானுங்க. அதில் போடும் மஞ்சள் கேசட்டில் 60 பின் (உலோகத் தொடுமுனை) இருக்கும். நிண்டெண்டோவின் அமெரிக்கப் பெட்டியான என்.இ.எஸ். கேசட்டில் 72, இதில் நுழையாது. லேபிளில் 9999999 கேம் என்று இருந்தால் சிரித்துவிட்டு விலையைக் குறைங்க, சிலதே திரும்பத் திரும்ப வரும்.

படம் வரலையா? கேசட்டை ஊதாதீங்க, எச்சில் ஈரத்தில் பின்கள் பச்சை பிடிக்கும். 99 சதவீத ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் பட்ஸை நனைத்து, பஞ்சில் கறுப்பு ஒட்டாத வரை துடைத்து, காயவிட்டுப் போடுங்க.

அப்பவும் கறுப்புத் திரைதான் என்றால் பெட்டிக்குள் 7805 ரெகுலேட்டரைப் பாருங்க, அடாப்டர் மின்சாரத்தை 5 வோல்ட்டாக்கும் மூன்று கால் பாகம் அது. அதன் மேலுள்ள எழுத்து நம்மைப் பார்க்க, வலது காலில் 5 வோல்ட் வரணும். அடாப்டர் மாற்றும்போது கவனம்: ஃபேமிகாம் அடாப்டர் பிளக்கின் நடுவில் மைனஸ், கடை அடாப்டர் பலதில் பிளஸ். கறுப்புப் பசைக்குள் இருக்கும் சிப் போயிருந்தால் ரிப்பேர் கிடையாது. உதிரிபாக விலைக்கு மேல் தராதீங்க.