நடித்த காசில் படம் எடுத்தவர்

மட்டக்களப்பில் குறும்படம் எடுக்கும் இளைஞர்களோடு பேசினால், தயாரிப்பாளர் ஒருவர் கிடைத்துவிட்டால் முழுநீளப் படமே எடுத்துவிடலாம் என்ற பேச்சு எப்படியும் வந்துவிடும். எனக்கோ அப்போதெல்லாம் அமெரிக்க நடிகரும் இயக்குநருமான ஜோன் கசவெற்றஸின் நினைவுதான் வரும்.

1929 இல் நியூயோர்க்கில் கிரேக்கக் குடும்பமொன்றில் பிறந்த அவர், தம் முதற் படமான 'ஷாடோஸ்' என்பதைத் தாம் நடத்திய நடிப்புப் பட்டறையினரைக் கொண்டு 16 மி.மீ. கமராவில் எடுத்தார். வானொலியில் அவர் விடுத்த வேண்டுகோளைக் கேட்டு நேயர்கள் அனுப்பிய சிறு தொகைகளும் அதற்கு முதலாயின. 1958 இல் திரையிட்ட வடிவம் தமக்கே நிறைவளிக்காமற் போகவே, பெரும்பகுதியை மறுபடி படமாக்கினார். அதன்பின் ஹொலிவூட் அவரை அழைத்தது. 1963 இல் வெளியான 'எ சைல்ட் இஸ் வெயிற்றிங்' படத்தின் தொகுப்பைத் தயாரிப்பாளர் ஸ்ரான்லி கிராமர் தம் விருப்பப்படி மாற்றியமைத்ததோடு அந்த உறவு கசந்தது.

அதற்குப் பிறகு அவர் கண்டுகொண்ட வழிதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பிறருடைய படங்களில் நடித்துப் பெற்ற ஊதியத்தைத் தம் படங்களுக்குச் செலவிட்டார். 'த டேர்ட்டி டசின்', 'ரோஸ்மேரிஸ் பேபி' போன்ற பெரிய படங்களில் அவர் முகம் தெரிந்துகொண்டிருந்த அதே காலத்தில்தான், பெருமளவு சொந்த வீட்டிலேயே படமாக்கிய 'ஃபேஸஸ்' மெல்ல மெல்லத் தொகுக்கப்பட்டு 1968 இல் வெளிவந்தது. எங்கள் கூத்துக்காரருக்கு இது புதுமையாகத் தோன்றாது. பகலில் வயலிலோ வாவியிலோ உழைத்துவிட்டு, இரவில் அண்ணாவியாரிடம் ஆட்டம் பழகி, அரங்கேற்றத்துக்கான உடுப்புச் செலவையும் தாமே ஏற்பவர்கள் அவர்கள்.

ஆனால் கூத்தென்றால் களரியைச் சுற்றி ஊரே வந்து அமர்ந்துவிடும். படத்துக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 'எ வுமன் அண்டர் த இன்ஃபுளுவன்ஸ்' படத்துக்காகக் கசவெற்றஸ் வீட்டை ஈடுவைத்தார். அதில் நடித்த பீற்றர் ஃபோக்கும் தம் பணத்தைப் போட்டார். முடிந்த படத்தை வாங்க விநியோகஸ்தர் எவரும் முன்வராதபோது, கசவெற்றஸ் திரையரங்குகளைத் தாமே தொடர்புகொண்டு பேசி, 1974 இல் அதை வெளியிட்டார். அந்தப் படத்தின் இயக்கத்துக்காக அவரும், நடிப்புக்காக அவருடைய மனைவி ஜீனா ரோலண்ட்ஸும் ஒஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டார்கள்.

இங்கோ கமராவுக்குக் கடன்படத் தயங்காதவர்கள், படத்தை ஒருமுறை நண்பர்களுக்குத் திரையிட்டு யூரியூப்பில் ஏற்றியதோடு கைகழுவிவிடுகிறார்கள். கொக்கட்டிச்சோலை, களுவாஞ்சிகுடி, வாழைச்சேனை என்று ஊரூராக மண்டபம் எடுத்து, நுழைவுச்சீட்டு விற்றுக் காட்டுவதற்கு ஆகும் செலவைப் படப்பிடிப்புக்கு முன்னரே கணக்கில் எழுதிவையுங்கள் என்றுதான் அவர்களிடம் நான் சொல்லிவருகிறேன்.