தொப்பி மெரூன், வேலை கம்பவுண்டர்

கல்யாணம், காதுகுத்து என்று ஏற்காட்டில் எங்கே போனாலும் யாராவது என்னைக் "கமாண்டோ" என்று அறிமுகப்படுத்திவிடுகிறார்கள். நான் கமாண்டோ இல்லை. ராணுவ மருத்துவப் படையில் நர்சிங் அசிஸ்டன்ட்டாக இருந்து ஓய்வு பெற்றவன். எங்கள் பேச்சில் என்.ஏ. விரும்பிக் கேட்டுப் பாராசூட் படைக்குப் போனேன், மெரூன் தொப்பி கிடைத்தது, கடைசியில் ஸ்பெஷல் ஃபோர்சஸ் எனப்படும் சிறப்புப் படையின் பயிற்சிப் பள்ளியில் வேலை. சிறப்புப் படைக்காரர்கள் நெஞ்சில் குத்தியிருக்கும் 'பலிதான்' பேட்ஜ் என்னிடம் கிடையாது. இதைச் சொன்னதும் கேட்பவர் முகம் வாடிவிடும். "அப்ப நீங்க சுட்டதே இல்லையா மாமா?" என்று பக்கத்து வீட்டுப் பையன் கேட்டான். எல்லா ஜவானும் சுடத்தான் செய்வான், ஆனால் என் பையில் தோட்டாவைவிடக் கட்டுத்துணிதான் அதிகம் என்றேன். அவனுக்கு அது பிடிக்கவில்லை.

அவனைப் போன்ற மலைப் பிள்ளைகள் நிறையப் பேர் ராணுவத்தில் சேர வழி கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனியாகச் சொல்வதற்குப் பதில் எழுதி வைக்கிறேன். எந்த நடவடிக்கைக்குப் போனோம், எங்கே இருந்தோம் என்பதெல்லாம் இதில் வராது. அதற்காகப் படிப்பவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம்.

எங்கள் ஊர் வெள்ளக்கடைப் பக்கம். அப்பா எஸ்டேட் வேலை. காபி பழம் பறிப்பார், மிளகுக் காலத்தில் சில்வர் ஓக் மரத்தில் ஏணி சாத்தி ஏறுவார். நான் பன்னிரண்டாவதில் உயிரியல் எடுத்ததற்குப் பெரிய லட்சியம் எதுவும் காரணம் இல்லை, அந்தப் பள்ளியில் அந்த குரூப்தான் இருந்தது. அதுவே கைகொடுத்தது. என்.ஏ. பிரிவுக்கு இயற்பியல், வேதியியல், உயிரியல், ஆங்கிலம் நான்கும் படித்திருக்க வேண்டும். மொத்தத்தில் 50 சதவீதம், ஒவ்வொரு பாடத்திலும் குறைந்தது 40.

சேலம் மாவட்டத்துக்குக் கோயம்புத்தூர் ஆள்சேர்ப்பு அலுவலகம்தான். நான் சேர்ந்த காலத்தில் முதலில் ரேலி, அதாவது மைதானத்தில் ஓட்டமும் உடல் தேர்வும், அப்புறம் எழுத்துத் தேர்வு. 2023 முதல் இது தலைகீழாகிவிட்டது. கணினியில் தேர்வு எழுதித் தேறினால்தான் ஓடவே கூப்பிடுவார்கள். பொதுப்பணி ஜவானுக்கு 1,600 மீட்டரை ஐந்தரை நிமிடத்துக்குள் ஓடினால் முழு 60 மதிப்பெண். என்.ஏ.வுக்கு ஓட்டத்தில் மதிப்பெண் கிடையாது, தேறினால் போதும். மலைப் பையன்கள் இங்கேதான் ஏமாறுகிறார்கள். ஏற்றத்தில் ஏறி இறங்கி நமக்கு நெஞ்சு நன்றாக இருக்கும், மூச்சு வாங்காது. ஆனால் சமதளத்தில் வேகம் வராது. ஏற்றத்துக்குப் பழகிய கால் குட்டை அடியாகவே வைக்கும். வாரத்தில் இரண்டு நாளாவது கீழே இறங்கி, சேலம் காந்தி ஸ்டேடியம் போன்ற நல்ல மைதானத்தில் கடிகாரம் வைத்து ஓடுங்கள்.

லக்னோவில் மருத்துவப் படையின் பயிற்சி மையம். ஊசி, கட்டு, மருந்துக் கணக்கு, இந்தி. இந்தி தெரியாததால் முதலில் எல்லாவற்றுக்கும் "ஜீ உஸ்தாத்" என்று சொல்லி, சொல்லாத வேலையெல்லாம் செய்தேன். அதை நீட்ட வேண்டியதில்லை, எல்லாத் தமிழனுக்கும் அதே கதைதான்.

பாராசூட் படைக்கு யாரையும் கட்டாயப்படுத்தி அனுப்புவதில்லை. நாமே எழுதிக் கொடுக்க வேண்டும், அப்புறம் புரொபேஷன் என்னும் சோதனைக் காலம். நடுவில் எப்போது வேண்டுமானாலும் "முடியாது" என்று சொல்லிவிட்டுப் போகலாம். யாரும் தடுக்க மாட்டார்கள், திட்டவும் மாட்டார்கள். ஆர்.டி.யு. என்று எழுதிப் பழைய யூனிட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். அந்தக் கதவு திறந்தே இருப்பதுதான் பெரிய சோதனை. துப்பாக்கியும் பிட்டூ என்னும் முதுகுப் பையும் தூக்கிக்கொண்டு 10 கிலோமீட்டரில் ஆரம்பித்து 20, 30, 40 என்று ஏற்றிக்கொண்டே போவார்கள். தூக்கம் குறையும், சாப்பாடு நேரத்துக்கு வராது, அந்த நிலையில் சின்னச் சின்னக் கணக்கு கேட்பார்கள்.

என்.ஏ.வுக்கு இதில் ஒரு கூடுதல் பாடு உண்டு. ஓட்டம் முடிந்ததும் மற்றவர்கள் அப்படியே சாய்ந்துவிடுவார்கள். நான் பையைத் திறந்து அவர்கள் காலைப் பார்க்க வேண்டும். கொப்புளத்தை ஓரத்தில் குத்தி நீரை வடித்து, மேல்தோலைப் பிய்க்காமல் டேப் ஒட்ட வேண்டும். எல்லோரையும் முடித்த பிறகுதான் என் கால். நான் தேறியதற்கு இதுவே காரணம் என்று நினைக்கிறேன். விலகிவிடலாமா என்று யோசிக்க மற்றவர்களுக்குக் கிடைத்த நேரம் எனக்குக் கிடைக்கவில்லை.

அடுத்து ஆக்ராவில் குதிக்கும் பயிற்சி. சொல்லிக் கொடுப்பவர்கள் விமானப்படைக்காரர்கள். பெரும்பகுதி தரையில்தான்: காலைச் சேர்த்து, முட்டியை லேசாக மடக்கி, விழுந்து உருளுவது. இதையே உடம்பு வெறுக்கும் வரை செய்ய வைப்பார்கள். பிறகு ஏ.என்.-32 விமானத்திலிருந்து 1,250 அடியில் குதிப்பது. ஐந்து முறை குதித்தால் இறக்கை பேட்ஜ், அதில் ஒன்று இருட்டில். ஏற்காட்டு லேடீஸ் சீட்டில் நின்று சேலத்தைப் பார்ப்பவர்கள் இதைப்போல ஏறக்குறைய மூன்று மடங்கு உயரத்தில் நிற்கிறார்கள். அதனால் உயரம் எனக்குப் பயமாக இல்லை. இரவுக் குதிப்பில் தரை எப்போது வரும் என்று தெரியாதே, அதுதான் பயம்.

ஆக்ராவில் 60 பாரா ஃபீல்ட் ஹாஸ்பிட்டல் இருக்கிறது. அங்கே போகிற ஒவ்வொரு என்.ஏ.வுக்கும் கொரியக் கதையைச் சொல்லித்தான் உட்கார வைப்பார்கள். கொரியப் போருக்கு இந்தியா சண்டைப் படை அனுப்பவில்லை, இந்த மருத்துவப் பிரிவைத்தான் 1950-ல் அனுப்பியது. தலைவர் லெப்டினன்ட் கர்னல் ஏ.ஜி.ரங்கராஜ், 1941-லேயே பாராசூட்டில் குதித்த முதல் இந்தியர்களில் ஒருவர். பியோங்யாங்கை விட்டு எல்லோரும் பின்வாங்கியபோது வண்டி கிடைக்காமல், கைவிடப்பட்ட ஒரு நீராவி ரயில் எஞ்சினைப் பிடித்துத் தாங்களே ஓட்டி, மருந்துச் சாமான்களோடு தப்பி வந்தார்கள். 1951 மார்ச் 23 அன்று அமெரிக்க வான்குடைப் படையோடு சேர்ந்து முன்சானில் இந்தப் பிரிவைச் சேர்ந்த 12 பேர் குதித்தார்கள். இரண்டு நாட்டுப் படைகள் சேர்ந்து பயிற்சி செய்வது பற்றி இப்போது செய்தி வரும்போதெல்லாம் எனக்கு அந்த 12 பேர் நினைவுக்கு வருகிறார்கள். அவர்களுக்கு ஒத்திகை பார்க்க மாதக்கணக்கில் நேரம் இருந்திருக்காது.

என் முறை 2022 ஆகஸ்டில் வந்தது. அப்போது நான் இமாசலப் பிரதேசத்தில் பக்லோவில், சிறப்புப் படைப் பயிற்சிப் பள்ளியின் எம்.ஐ. ரூமில், அதாவது சிகிச்சை அறையில் இருந்தேன். இந்திய, அமெரிக்கச் சிறப்புப் படைகள் சேர்ந்து செய்யும் 'வஜ்ர பிரகார்' பயிற்சியின் 13-வது சுற்று அங்கே நடந்தது. அமெரிக்காவின் 1-வது ஸ்பெஷல் ஃபோர்சஸ் குரூப்பிலிருந்து ஆட்கள் வந்தார்கள். ஆகஸ்ட் என்றால் அங்கே மழை, மேகம், வழுக்கல். கிட்டத்தட்ட நம் ஏற்காட்டு ஐப்பசிதான்.

இந்தப் பயிற்சி பற்றிய செய்திப் படங்களில் வருவதெல்லாம் ஹெலிகாப்டரிலிருந்து கயிற்றில் இறங்குவதும் கட்டடத்துக்குள் புகுவதும். அதில் இரு தரப்பும் ஏற்கெனவே கெட்டிக்காரர்கள். உண்மையில் ஒருவரிடம் ஒருவர் வாங்கிக்கொண்டது மருத்துவத்தில்தான் என்பது என் கட்சி. என்.ஏ. என்பதால் அப்படிச் சொல்கிறேன் என்று நண்பர்கள் கிண்டல் செய்வார்கள், செய்யட்டும்.

அவர்களுடைய ஒரு குழு 12 பேர். அதில் இரண்டு பேர் மருத்துவம் பார்ப்பவர்கள், குழுவை இரண்டாகப் பிரித்தாலும் ஆளுக்கு ஒருவர் இருக்க வேண்டும் என்பதற்காக. அந்த வேலைக்கு மட்டும் ஏறத்தாழ ஒரு வருடம் படிக்கிறார்கள். முதல் நாள் இரு தரப்புப் பைகளையும் விரித்து வைத்துப் பார்த்தோம். யாருடைய பையில் என்ன இருக்கிறது என்பதைவிட எது எந்த இடத்தில் இருக்கிறது என்பதுதான் முக்கியம். இருட்டில் அமெரிக்க ஆள் என் பைக்குள் கைவிட்டு எடுக்க வேண்டி வரலாம். ஆஸ்பத்திரிப் பழக்கத்தில் முதலில் மூச்சுப் பாதை. சண்டைக் களத்தில் முதலில் ரத்தம். கை கால் காயம் என்றால் காயத்துக்கு இரண்டு மூன்று அங்குலம் மேலே டூர்னிக்கெட் என்னும் இறுக்குப் பட்டையைக் கட்டி, ரத்தம் நிற்கும் வரை முறுக்கி, கட்டிய நேரத்தை எழுதிவிட வேண்டும். பிறகுதான் மூச்சு, பிறகு உடம்புச் சூடு. ரத்தம் போன உடம்பு குளிர்ந்தால் ரத்தம் உறையாது. மழையில் இது சின்ன விஷயமில்லை.

ஒரு ஒத்திகையில் மேகம் இறங்கி ஹெலிகாப்டர் வர முடியாது என்ற நிலை. காலில் குண்டடி பட்டதாக ஒரு அமெரிக்கரைப் படுக்க வைத்திருந்தார்கள், ஆள் ஆறடிக்கு மேல். பாதையோ ஒற்றையடி. நான்கு பேர் தூக்கும் ஸ்ட்ரெச்சர் அதில் போகாது, பக்கத்தில் நடப்பவன் சரிவில் விழுவான். எங்கள் மலையில் சாலை இல்லாத ஊர்களில் பிரசவமோ பாம்புக்கடியோ என்றால் போர்வையை ஒற்றை மூங்கிலில் தூளியாகக் கட்டி, முன்னால் ஒருவர் பின்னால் ஒருவர் தோள் கொடுத்து இறக்குவார்கள். என் பாட்டியை அப்படித்தான் கொண்டுபோனார்கள். அதையே மழைக்கோட்டாலும் ஒரு கம்பாலும் கட்டிக் காட்டினேன்.

அவர்கள் குழுவில் மருத்துவம் பார்க்கும் சார்ஜன்ட் உடனே தலையாட்டிவிடவில்லை. தூளியில் உடம்பு மடங்குமே, நெஞ்சுக் காயமென்றால் மூச்சு எப்படி விடுவான், முதுகெலும்பு அடிபட்டிருந்தால் என்ன ஆவது என்று கேட்டார். நியாயமான கேள்வி, ஊரில் யாரும் அதைக் கேட்டதில்லை. கடைசியில் காலில் மட்டும் காயம் என்றால் தூளி, நெஞ்சோ முதுகோ என்றால் எவ்வளவு நேரமானாலும் தட்டையாகக் கட்டி இறக்குவது என்று முடிவானது. தோள் மாற்றும்போது இறக்கி வைக்காமல் கம்பை அடுத்தவருக்குக் கடத்துவதை அவர்களுக்குப் பழக்கினேன். அவர்கள் எனக்கு, இறக்கும் வழியெல்லாம் கட்டைத் திரும்பத் திரும்பத் தொட்டுப் பார்க்கும் பழக்கத்தைக் கொடுத்தார்கள். நடையில் கட்டு தளர்ந்துவிடும்.

வெளிநாட்டுப் படையோடு இப்படிப் பயிற்சி செய்யச் செலவழிப்பதற்கு அமெரிக்காவில் ஒரு சட்டமே இருக்கிறது. அதில் முதன்மை நோக்கம் தங்கள் சிறப்புப் படைக்குப் பயிற்சி கிடைப்பது என்றுதான் எழுதியிருக்கிறது. எனக்கு அது பிடித்திருந்தது. யாரும் குருவாக வரவில்லை, அவரவர் கற்க வந்தார்கள். அடுத்த சுற்றுகள் 2023-ல் மேகாலயாவின் உம்ரோயிலும் 2024-ல் அமெரிக்காவின் ஐடஹோவிலும் நடந்தன, நான் போகவில்லை.

இனி, வழி கேட்கும் நம் மலைப் பிள்ளைகளுக்கு ஒரு காகித விஷயம். நம் மலையில் வாழும் மலையாளி இனத்தாருக்கான பழங்குடிச் சான்றிதழ் தாசில்தார் கொடுப்பதில்லை, கோட்டாட்சியர்தான் கொடுக்க வேண்டும். விசாரணை, அப்பா வழி ஆவணம் என்று இழுக்கும். ரேலி அறிவிப்பு வந்த பிறகு அலைந்தால் நேரம் போதாது. பத்தாவது முடித்த விடுமுறையிலேயே மனு கொடுத்துவிடுங்கள்.