துபா வேரும் நரம்பணுவும்

தோட்டத்துப் பிள்ளை நன்றாகப் படித்தால் மருத்துவராக வேண்டும். மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் அதற்கு மாற்றுக் கணக்கே கிடையாது. "மூளை பற்றிய ஆராய்ச்சி" என்று நான் சொன்னதும், "அப்படியென்றால் டாக்டர்தானே?" என்பார்கள். இல்லை என்றதும் முகம் வாடிவிடும்.

ஆறாம் படிவம், உயிர்மருத்துவ அறிவியல் பட்டம், இப்போது முனைவர் பட்ட ஆய்வு. நரம்பணுக்களுக்குள் ஆற்றலை உண்டாக்கும் மைட்டோகாண்ட்ரியாதான் என் பாடுபொருள். உடல் எடையில் மூளை சுமார் 2 விழுக்காடு. உடல் செலவிடும் ஆற்றலில் அது எடுத்துக்கொள்வதோ ஏறக்குறைய 20 விழுக்காடு. மைட்டோகாண்ட்ரியா சுணங்கினால் மூளை தாங்காது.

வேலை முழுவதும் பனிக்கட்டியோடுதான். உயிரணுக்களைச் சர்க்கரைக் கரைசலில் உடைத்து, மையவிலக்கியில் முதலில் மெதுவாகச் சுழற்றி உட்கருக்களை ஒதுக்க வேண்டும். பிறகு வேகத்தைக் கூட்டினால், குழாயின் அடியில் பழுப்பாக ஒரு பொட்டு தங்கும். அதுதான் மைட்டோகாண்ட்ரியா. சூடு பட்டால் கெட்டுவிடும் என்பதால் மதியச் சாப்பாடு எப்போது என்பதை அதுவே தீர்மானிக்கிறது.

உயிரணுக்கள் எவ்வளவு ஆக்சிஜனைச் செலவிடுகின்றன என்று அளக்கும்போது, கடைசியில் ரோட்டினோன் சேர்ப்போம். மைட்டோகாண்ட்ரியா ஆற்றலை உண்டாக்க எலெக்ட்ரான்களைக் கடத்தும் புரதச் சங்கிலியின் முதல் கூட்டமைப்பை அது அடைத்துவிடும். துபா கொடியின் வேரில் இருக்கும் நஞ்சு அது. அந்த வேரை நசுக்கி ஆற்றில் கரைத்து மீன் பிடித்த கதையைத் தாத்தா சொல்லக் கேட்டவன் நான். மீன் மயங்கியதும் என் அளவுக்கோடு சரிவதும் ஒரே காரணத்தால்தான். 2000ஆம் ஆண்டு, எலிகளுக்குத் தொடர்ந்து ரோட்டினோன் செலுத்தி, கை நடுக்கம் தரும் பார்க்கின்சன் நோயின் கூறுகள் தோன்றுவதை அமெரிக்க ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

அம்மா செம்பனைத் தோட்டத்தில் மருந்தடித்தவர். முதுகில் சுமந்த தொட்டியில் இருந்தது பாராகுவாட். மலேசியா 2002இல் தடை அறிவித்து, 2006இல் தளர்த்தி, 2020 ஜனவரி முதல் அடியோடு தடுத்த களைக்கொல்லி. (இத்தனை ஆண்டுகள் எதற்கு என்று கேட்க எனக்கும் ஆசைதான்.) இது ரோட்டினோன் போல வழியை அடைப்பதில்லை; எலெக்ட்ரானைப் பிடுங்கி ஆக்சிஜனிடம் கொடுத்து, உயிரணுவை அரிக்கும் மூலக்கூறுகளை ஓயாமல் உண்டாக்குகிறது. பார்க்கின்சன் நோயுடன் இதற்குத் தொடர்பிருப்பதாகப் பல ஆய்வுகள் சொல்கின்றன. ஆனால், பழைய லயத்தில் கை நடுங்கும் அத்தை ஒருவர், "மருந்தடித்ததால்தானா தம்பி?" என்று கேட்டால், தட்டில் வளரும் உயிரணுக்களை வைத்து நான் பதில் சொல்ல முடியாது. ஈப்போவில் நரம்பியல் நிபுணரைப் பாருங்கள் என்பேன். அவருக்கு அது பதிலாகவே படவில்லை.

நரம்பணுக்களுக்கு நஞ்சு கொடுத்துப் பார்க்கும் என் சோதனையை அம்மாவுக்கு விளக்கியபோது, எவ்வளவு மருந்து கொடுக்கிறாய் என்றுதான் முதலில் கேட்டார். ஒரே நாளில், கொஞ்சம் அதிகமாக, என்றேன். "நாங்கள் ஒரே நாளிலா அடித்தோம்? வருடக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாக அல்லவா மேலே பட்டது?"

மேற்பார்வையாளரிடம் இதை அப்படியே சொன்னேன். இப்போது மிகக் குறைந்த அளவை வாரக்கணக்கில் கொடுத்துப் பார்க்கிறோம். நரம்பணுக்களை அவ்வளவு காலம் உயிரோடு காப்பது பெரும்பாடு. வார இறுதியிலும் ஆய்வகத்துக்குப் போக வேண்டியிருக்கிறது.